அந்தப் 'பின்னணி'யை முதலில் எடுங்கள்

கேள்வி: பிரெஞ்சுப் படங்களுக்குப் பின்னணி இசை அமைத்த மொரீஸ் ழோபேர் பெரிய ஆளா? ஏன் யாரும் அவரைப் பற்றிப் பேசுவதில்லை?

பதில்: முதலில் அந்தப் 'பின்னணி'யை எடுத்துவிடுங்கள். இந்தப் பக்கத்தில் எத்தனை முறை போட்டாலும் எனக்கு அலுக்காத சண்டை இது. அப்படிப் பெயர் வைத்த அன்றைக்கே இசையைக் கொல்லைப்புறத்தில் உட்கார வைத்துவிட்டோம். நாயகி அழுதால் வயலினும் கூடவே அழ வேண்டும், கதவு திறந்தால் ஏதாவது ஒன்று 'டங்' என்று விழ வேண்டும். ழோபேருக்கு இது ஆகவே ஆகாது. திரையில் தெரிவதை இசை திரும்பச் சொல்லக் கூடாது என்று 1930களிலேயே வாதாடியவர். வாதாடுவது அவருக்குப் புதிதில்லை, வக்கீலுக்குப் படித்தவர்தான்.

ழான் விகோ 1933இல் எடுத்த 'ஸீரோ த கோந்த்வீத்' பாருங்கள். விடுதிப் பையன்கள் ராத்திரியில் தலையணையால் அடித்துக்கொள்கிறார்கள், அறை முழுக்க இறகு பறக்கிறது, திடீரென்று எல்லாம் ஸ்லோமோஷனில் ஓர் ஊர்வலமாக மாறுகிறது. அந்த இடத்துக்கு ழோபேர் ஒரு மெட்டு எழுதி, அதைக் கடைசி சுரத்திலிருந்து முதல் சுரம் வரை திருப்பி எழுதி, வாத்தியக்காரர்களை அப்படியே வாசிக்க வைத்துப் பதிவு செய்து, அப்புறம் அந்த ஒலிப்பதிவைப் பின்னாலிருந்து முன்னால் ஓட்டினார். மெட்டு நேராகிவிட்டது. ஆனால் ஒவ்வொரு சுரமும் அடங்கிய இடத்தில் பிறந்து, தொட்ட இடத்தில் முடிகிறது. மணியின் ரீங்காரம் முதலில் வந்து அடி பிறகு விழுவது போல. இதையா பின்னணி என்கிறீர்கள்?

அடுத்த வருஷம் விகோவின் 'லத்தலாந்த்'. விநியோகம் செய்தவர்கள் படத்தை வெட்டி, அப்போது ஓடிக்கொண்டிருந்த ஒரு ஹிட் பாட்டை உள்ளே செருகி, படத்தின் பெயரையே அந்தப் பாட்டின் பெயராக மாற்றினார்கள். இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு வயிறு எரிகிறது. படம் வந்த கொஞ்ச நாளில் விகோ 29 வயதில் போய்ச் சேர்ந்தார். ழோபேர் 1940 ஜூன் 19 அன்று போர்முனையில் பட்ட காயத்தால் இறந்தார். மூன்றே நாளில் பிரான்ஸ் போர்நிறுத்தத்தில் கையெழுத்திட்டது. அவருக்கு 40 வயது.

யாரும் பேசவில்லை என்று சொல்லாதீர்கள், பிரெஞ்சு இயக்குநர் த்ரூஃபோ பேசினார். 1975இல் 'அதேல் எச்' தொடங்கி வரிசையாக நான்கு படங்களுக்கு ழோபேரின் பழைய இசையையே எடுத்துப் போட்டார். நான்காவது படத்தில், இறந்தவர்களுக்காக மெழுகுவர்த்தி ஏற்றி வைக்கும் ஒருவனாக த்ரூஃபோவே நடித்தார். அவன் மெழுகுவர்த்தி ஏற்றும் இடத்தில் மாட்டியிருக்கும் இறந்தவர்களின் புகைப்படங்களில் ஒன்று ழோபேருடையது.