ஷ்வேஷ்வே துணியில் ஒட்டுப்போர்வை தைத்து விற்றால் கட்டுப்படியாகுமா?

டர்பனில் சிறு தொழிலாகத் தொடங்குவதாகவும், ஷ்வேஷ்வே என்னும் தென்னாப்பிரிக்க அச்சுப் பருத்தித் துணி அட்டைபோல விறைப்பாக இருப்பதாகவும் எழுதியிருக்கிறீர்கள். அது பழுதன்று, கஞ்சி. கப்பலில் வந்த காலத்தில் துணி ஈரத்தில் கெடாதிருக்கப் போட்டது. வழக்கம் இன்றும் விடவில்லை. அலசினால் மெத்தென்று ஆகும், சுருங்கவும் செய்யும். நான் சோம்பல்பட்டு அலசாமல் தைத்த முதல் போர்வை, முதல் சலவையிலேயே அப்பளம்போல நெளிந்துவிட்டது!

அசலென்றால் பின்புறம் முத்திரை இருக்கும். மூன்று பூனை முத்திரைத் துணியை தென்னாப்பிரிக்காவின் ஸ்வெலிட்ஷா ஊரில் டா காமா ஆலை அச்சிடுகிறது.

விலையில்தான் பலர் ஏமாறுகிறார்கள். ஷ்வேஷ்வேயின் அகலம் 90 செ.மீ.; சாதாரணப் போர்வைப் பருத்தி ஏறத்தாழ 110. மீட்டர் விலை ஒன்றேயானாலும் அகலத்துணியில் ஐந்திலொரு பங்குக்கு மேல் கூடுதல் துணி கிடைக்கும். ஆகவே முகப்புக்கு மட்டும் ஷ்வேஷ்வே, அடிப்புறத்துக்கு மலிவான அகலத்துணி.