மதிய நிழல் தினமும் மறையாது

ஒருவரின் நிழலை மிதித்தால் அவருடைய ரகசியம் ஒன்று மிதித்தவருக்குச் சொந்தம் என்பது உங்கள் கதையுலக விதி. உச்சிவெயிலில் நிழலே இல்லாததால் எல்லாரும் தினமும் தப்பிவிடுகிறார்கள், கதை நொண்டுகிறது என்கிறீர்கள். தினமும் எங்கே மறைகிறது? நான் காரைக்குடிக்காரன். இங்கே நிழல் முழுசாகக் காலடிக்குள் ஒடுங்குவது வருஷத்தில் 2 நாள்தான், ஏப்ரல் நடுவில் ஒன்று, ஆகஸ்ட் கடைசியில் ஒன்று.

முற்றத்தில் வடகம் காயப்போட்டு, காக்கா வராமலிருக்க ஆச்சி கறுப்புத்துணி கட்டிய குச்சி ஒன்றை நட்டு வைப்பார். பங்குனி மதியத்தில் அதன் நிழல் வடக்கே ஒரு சாண் கிடக்கும், வைகாசியில் பார்த்தால் தெற்கே திரும்பியிருக்கும், ஏனென்றால் அதற்குள் சூரியன் நம் தலையைத் தாண்டி வடக்கே போயிருக்கும். அதனால் அந்த 2 நாளை மட்டும் ஊருக்கே விடுதலை நாளாக வையுங்கள், சண்டை, கல்யாணப் பேச்சு, பாகப்பிரிவினை எல்லாம் அன்றைக்குத்தான்.

அப்புறம், ராத்திரி இரண்டு விளக்கு எரிந்தால் இரண்டு நிழல் விழுமே, அதை யோசித்தீர்களா? மங்கலானதை மிதித்தவனுக்குப் பாதி ரகசியம், மீதி வட்டியோடு பிறகு என்று வைத்தால் எங்கள் ஊர்க்காரர்களுக்கு உடனே புரியும்.