பெர்ரிப் பழம் வாங்குவதும் விற்பதும்: கிருஷ்ணகிரி, தர்மபுரி வாசகர்களின் கேள்விகளுக்கு விடை

குளிர் தொடங்கியதிலிருந்து ஸ்ட்ராபெரி, ப்ளூபெரி போன்ற பழங்களைப் பற்றிப் பல கடிதங்கள் வந்துள்ளன. ஒரே பொருளைக் கேட்டவற்றை ஒன்றாகச் சேர்த்து, ஓசூரிலும் கிருஷ்ணகிரியிலும் பல ஆண்டுகள் பழ வியாபாரம் பார்த்த அனுபவத்தைக் கொண்டு விடை எழுதியிருக்கிறேன்.

ரோஜாவுக்காகப் போட்ட பசுமைக்குடில் கால் ஏக்கர் காலியாகக் கிடக்கிறது. பெங்களூரு பக்கத்திலேயே இருப்பதால் ஸ்ட்ராபெரி நட்டால் விற்றுவிடலாம் என்று மகன் சொல்கிறான். சரியா, ஐயா? (பாகலூர்)

விற்க முடியும். சந்தை அருகில் இருப்பதுதான் உங்களுக்குள்ள பெரிய பலம். நாட்டில் விளையும் ஸ்ட்ராபெரியில் பெரும்பகுதி மகாராஷ்டிரத்தின் மகாபலேஷ்வர், பஞ்ச்கனி மலைப்பகுதியிலிருந்து வருகிறது. மகாபலேஷ்வர் ஸ்ட்ராபெரி 2010-லேயே புவிசார் குறியீடும் பெற்றுவிட்டது. அளவிலும் விலையிலும் அவர்களோடு உங்களால் மோத முடியாது. ஆனால் எழுநூறு கிலோமீட்டருக்கு மேல் லாரியில் வரவேண்டிய பழத்தை அவர்கள் முழு நிறம் ஏறுவதற்கு முன்பே பறிக்கவேண்டியிருக்கிறது. ஸ்ட்ராபெரி மாம்பழத்தைப் போல வைக்கோலில் பழுக்கிற பழம் அன்று. பறித்த பிறகு நிறம் சற்றுக் கூடினாலும், செடியில் இருந்தபோது ஏறிய இனிப்புக்கு மேல் ஒரு துளியும் கூடாது. விடியற்காலையில் முழுச் சிவப்பாகப் பறித்து, காலை பத்து மணிக்குள் சர்ஜாபூர்ப் பக்கத்து அடுக்குமாடிக் குடியிருப்புகளில் கொடுக்க உங்களால் முடியும். அந்தச் சுவைக்கும் அந்த நேரத்துக்கும்தான் உங்களுக்கு விலை கிடைக்கும். மொத்த மண்டியில் கொண்டுபோய் மகாபலேஷ்வர்ப் பெட்டிகளுக்கு அருகில் வைத்தால் அது கிடைக்காது.

குடிலைப் பற்றித்தான் எனக்குக் கவலை. ரோஜாக் குடிலில் பூச்சி நுழையாமல் கட்டிய வலை தேனீயையும் தடுத்துவிடும். ஸ்ட்ராபெரியின் மேல் தெரியும் ஒவ்வொரு விதைக்கும் மகரந்தம் சேர்ந்தால்தான் அந்த இடத்துச் சதை பருக்கும். சேராத பக்கம் சுருங்கிப் பழம் கோணலாகிவிடும், கோணல் பழத்தை டப்பாவில் அடுக்க முடியாது. எனவே பக்கவாட்டு வலையைத் திறந்துவிடவேண்டும், அல்லது தேனீப் பெட்டி வைக்கவேண்டும். ரோஜாவைப் படுத்திய செஞ்சிலந்தி ஸ்ட்ராபெரிக்கும் எதிரி என்பதால், பழைய செடிகளின் சருகும் களையும் குடிலுக்குள் கிடக்கக் கூடாது. அடுத்தது தண்ணீர். ஸ்ட்ராபெரி உப்பைத் தாங்காத செடி. நம் பக்கத்து ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீர் பல இடங்களில் கடினமானது. கன்று வாங்குவதற்கு முன்பே தண்ணீரைச் சோதனைக்குக் கொடுங்கள். குடிலின் காற்றோட்டத்தைப் பற்றித் தளியிலுள்ள கொய்மலர் மகத்துவ மையத்தில் கேட்டுக்கொள்ளலாம்.

முதல் ஆண்டில் கால் ஏக்கர் முழுவதும் நடவேண்டாம். ஏக்கருக்கு இருபத்திரண்டாயிரம் கன்று என்ற கணக்கில் ஐந்து சென்டுக்கு ஆயிரத்து நூறு கன்று போதும். செப்டம்பர், அக்டோபரில் நட்டு, டிசம்பர் முதல் மார்ச் வரை பறித்து, நீங்களே கொண்டுபோய் விற்றுப் பாருங்கள். எத்தனை வீடுகள் இரண்டாம் முறையும் கேட்கின்றன என்பதை ஒரு நோட்டில் எழுதி வையுங்கள்; மகன் சொல்வது சரியா என்பதை அந்த நோட்டு சொல்லிவிடும்.

மண்டிக்கு அனுப்பிய நூறு டப்பாவில் முப்பது டப்பா கழிவு என்று பட்டியலில் எழுதிவிடுகிறார்கள். இது அநியாயம் இல்லையா? (பாலக்கோடு)

சில நேரம் அநியாயம். பல நேரம் உண்மை. தக்காளிக்குப் பழகிய கைகள் நம் பாலக்கோடு, ராயக்கோட்டைக் கைகள். தக்காளிக் கிரேட்டை வெயிலில் இரண்டு மணி நேரம் வைத்தாலும் பெரிய சேதம் வராது. ஸ்ட்ராபெரியை அப்படி வைத்தால் கதை முடிந்தது. பறித்த பழத்தில் தங்கியிருக்கும் வயல் சூட்டை ஒரு மணி நேரத்துக்குள் இறக்கத் தொடங்கவேண்டும். பூஜ்ஜியம் டிகிரி அளவில் வைத்தால் ஐந்து முதல் ஏழு நாள் நிற்கும் பழம், அறைச் சூட்டில் ஓரிரு நாளில் சாம்பல் பூஞ்சை பிடித்துவிடும். ஒரு பழத்தில் பிடித்தால் பக்கத்துப் பழத்துக்கும் பரவும்.

என் கதையையும் சொல்லவேண்டும். முதன்முதலில் ஸ்ட்ராபெரி அனுப்பியபோது, வாடகை வண்டிச் செலவை மிச்சம் பிடிப்பதாக எண்ணி, நாற்பது டப்பாவை இரவுப் பேருந்தின் அடிப்பெட்டியில் ஏற்றிவிட்டேன். எஞ்சின் சூடும் மூட்டைகளின் பாரமும் சேர்ந்து, காலையில் அட்டைப்பெட்டியின் அடிமூலையிலிருந்து சிவப்புச் சாறு சொட்டிக்கொண்டிருந்தது. அதை வாங்கியவர் எனக்கு அனுப்பிய பட்டியலில் 'வரவு: இல்லை' என்று மட்டும் எழுதியிருந்தார். அவரைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை.

கழிவு உங்கள் பையை எவ்வளவு கடிக்கிறது என்பதை ஒரு மாதிரிக் கணக்காகப் பாருங்கள். தொகைகளை உங்கள் ஊர் நிலவரத்துக்கு மாற்றிக்கொள்ளலாம். இருபது கிலோ பறித்து, இருநூறு கிராம் வீதம் நூறு டப்பா அடைக்கிறீர்கள். தொண்ணூறு டப்பா அறுபது ரூபாய்க்கு விற்றால் 5,400 ரூபாய். கமிஷன் பத்து சதவீதம் 540, டப்பாவுக்கும் லேபிளுக்கும் 500, அட்டைப்பெட்டிக்கும் வண்டிக்கும் 500, பறிகூலி 800 போக, கையில் நிற்பது 3,060. இன்னும் இருபது டப்பா கெட்டு எழுபதுதான் விற்றது என்றால் வரவு 4,200. கமிஷன் 420 ஆகக் குறைந்தாலும் மற்றச் செலவு 1,800 அப்படியே நிற்கும் என்பதால் மிஞ்சுவது 1,980 தான். விற்பனை ஐந்தில் ஒரு பங்குக்குச் சற்று மேல் குறைய, உங்கள் வருமானம் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் குறைந்துவிட்டது. பறிப்பதற்கும் குளிர்விப்பதற்கும் இடையே விட்ட இரண்டு மணி நேரத்தின் விலை இது.

மண்டிக்காரரை நம்பலாமா என்று சோதிக்க, புறப்படும்போது திறந்த பெட்டியைத் தேதி, நேரம் தெரியப் படம் எடுத்து அனுப்பிவிடுங்கள். கழிவு என்று ஒதுக்கிய டப்பாவின் படத்தையும் கேளுங்கள். படம் தரத் தயங்குகிறவருக்கு இரண்டாம் முறை அனுப்பவேண்டாம். இன்னொன்று: டப்பாவின் மேல் எழுதும் எடை பழத்தின் நிகர எடையாக இருக்கவேண்டும், பிளாஸ்டிக்கையும் சேர்த்து இருநூறு கிராம் காட்டினால் தவறு உங்களுடையது.

பழக்கடை வைத்திருக்கிறேன். ப்ளூபெரி கேட்டு இளைஞர்கள் வருகிறார்கள். ஒரு மாதம் விலை இறங்குகிறது, அடுத்த மாதம் ஏறுகிறது. நம்பி வாங்கி வைக்கலாமா? (அரூர்)

நம் ஊரில் விற்கும் ப்ளூபெரி பெரும்பாலும் கப்பலிலோ விமானத்திலோ வந்தது. எந்த நாட்டில் அறுவடையோ அந்த நாட்டைப் பொறுத்துத்தான் விலை நகரும். உலகிலேயே அதிகமாக ஏற்றுமதி செய்யும் பெருவில் செப்டம்பர் முதல் நவம்பர் வரை வரத்து உச்சத்தில் இருக்கும். அதன்பின் சிலியின் பழம் வரும். அமெரிக்காவின் பழம் நம் கோடைக்கும் ஆடிக்கும் இடைப்பட்ட மாதங்களில் வரும். ஒரு நாட்டின் வரத்து ஓய்ந்து அடுத்த நாட்டின் வரத்து சூடுபிடிக்காத இடைவெளியில் விலை ஏறும். புதிய ப்ளூபெரிக்கான இறக்குமதி வரியை 30 சதவீதத்திலிருந்து 10 சதவீதமாகக் குறைக்க 2023-இல் இந்தியா ஒப்புக்கொண்டது. அண்மை ஆண்டுகளில் சிற்றூர்க் கடைகளுக்கும் இப்பழம் இறங்கி வந்ததற்கு அதுவும் ஒரு காரணம் என்பது என் கணிப்பு.

ஸ்ட்ராபெரியோடு ஒப்பிட்டால் ப்ளூபெரி சில்லறைக் கடைக்காரருக்கு நல்ல பிள்ளை. முறையாகக் குளிரில் வைத்தால் இரண்டு வாரத்துக்கு மேலும் நிற்கும். ஆனால் அது பயணத்திலேயே பல நாள் கழித்திருக்கும் என்பதை மறக்கவேண்டாம். மொத்தக் கடையில் ஒரு பெட்டியைத் தலைகீழாகத் திருப்பிப் பாருங்கள். பழங்கள் தனித்தனியாக உருண்டால் எடுக்கலாம், கொத்தாக ஒட்டிக்கொண்டிருந்தால் ஏதோ ஒன்று உள்ளே கசிந்திருக்கிறது. அரூர் போன்ற ஊரில் வாரத்துக்கு எட்டு, பத்து டப்பாவில் தொடங்குங்கள். குளிர்பானப் பெட்டியின் கண்ணாடிக் கதவு நாள் முழுவதும் திறந்து மூடப்படுவதால், அதன் மேல்தட்டில் வைக்காமல் அடித்தட்டில் வையுங்கள்.

ப்ளூபெரியை இங்கேயே பயிரிட முடியாதா? (கெலமங்கலம்)

நிலத்தில் நடுவதை நான் பரிந்துரைக்க மாட்டேன். அதற்கு 4.5 முதல் 5.5 வரை கார அமில நிலை உள்ள மண் வேண்டும். நம் செம்மண் அந்த அளவுக்குப் புளிப்பானது அன்று. குளிர் குறைவாகத் தேவைப்படும் ரகங்களைத் தென்னை நார்க்கழிவு நிரப்பிய பைகளில் வைத்து, அமிலம் சேர்த்த தண்ணீர் கொடுத்து வளர்க்கலாம். செலவு மிகுந்த வேலை; வாங்குபவரோடு எழுத்தில் ஒப்பந்தம் இல்லாமல் இறங்கவேண்டாம்.

பட்டுப்புழுவுக்கு இரண்டு ஏக்கர் மல்பெரி வைத்திருக்கிறோம். அதில் காய்க்கும் பழத்தைப் பெங்களூரில் டப்பா போட்டு விற்கிறார்களே, நாங்களும் விற்கலாமா? (தேன்கனிக்கோட்டை)

இந்தக் கேள்விக்காகவே இப்பகுதியை எழுத உட்கார்ந்தேன் என்று சொல்லலாம். நம் இரு மாவட்டங்களிலும் வேறெந்தப் பெர்ரியையும்விட அதிகமாக நிலத்தில் நிற்பது மல்பெரிதான், ஆனால் அதைப் பழச்செடியாக நாம் பார்ப்பதே இல்லை. காரணம் உண்டு. வி-1 போன்ற ரகங்கள் இலைக்காகத் தேர்ந்தெடுக்கப்பட்டவை. ஆண்டுக்கு ஐந்து முறை வரை கவாத்து செய்து இலையை வெட்டும் தோட்டத்தில் பழம் இடையில் வந்துபோகும் விருந்தாளி. அதை நம்பிக் கடைக்காரரிடம் வாக்குக் கொடுக்க முடியாது. இலைக்காகத் தெளித்த மருந்துக்கும் பழம் பறிக்கும் நாளுக்கும் உள்ள இடைவெளியையும் கணக்கில் கொள்ளவேண்டும்.

எனவே இலைத் தோட்டத்தைக் கலைக்காமல், வரப்போரத்தில் பத்துப் பதினைந்து செடிகளை மரமாக உயரவிடுங்கள். பழத்துக்கென உள்ள நீளக்காய் ரகங்களையும் அங்கே சேர்க்கலாம். மல்பெரி ஸ்ட்ராபெரியைவிடவும் மென்மையானது, பறித்த அன்றே தின்னவேண்டியது, விரலில் பட்டால் இரண்டு நாளைக்குக் கறை போகாது. ஒரு விரற்கடை ஆழமுள்ள தட்டையான டப்பாவில் ஒரே அடுக்காக, காம்போடு வையுங்கள். அன்றன்று விற்க ஓசூர் உழவர் சந்தையே ஏற்ற இடம். அங்கே விவசாயி அடையாள அட்டை பெற்றவர்கள் கமிஷன் இல்லாமல் நேரடியாக விற்கலாம். பட்டுக்கூடு விற்ற பணம் குடும்பத்துக்கு, பழம் விற்ற பணம் வீட்டுப் பெண்களின் கைச்செலவுக்கு என்ற அளவில் தொடங்கினால் ஏமாற்றம் இருக்காது.

ப்ளூபெரியின் மேல் வெள்ளையாகப் படிந்திருப்பது மருந்தா? வாங்கியதும் கழுவி வைக்கலாமா? (கிருஷ்ணகிரி)

அது பழத்துக்கு இயற்கையாக உள்ள மெழுகுப் பூச்சு, திராட்சையிலும் பார்த்திருப்பீர்கள். அது கலையாமல் இருப்பது புதுப்பழத்தின் அடையாளம். எந்தப் பெர்ரியையும் கழுவி வைக்கக் கூடாது. ஈரம் பூஞ்சைக்கு அழைப்பு. தின்னும் நேரத்தில் கழுவுங்கள். ஸ்ட்ராபெரியைப் பச்சைக் காம்பை எடுக்காமல் கழுவினால் தண்ணீர் உள்ளே இறங்காது.

விற்காமல் மிஞ்சும் ஸ்ட்ராபெரியை மகளிர் சுய உதவிக் குழு மூலம் ஜாம் செய்ய விரும்புகிறோம். என்ன விதிகள் உள்ளன? (காரிமங்கலம்)

உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவு செய்வது முதல் வேலை. ஜாம் என்று பெயரிட்டு விற்க, ஸ்ட்ராபெரியைப் பொறுத்தவரை பழத்தின் பங்கு 25 சதவீதத்துக்குக் குறையக் கூடாது, கரைந்த திடப்பொருள் (பெரும்பாலும் சர்க்கரை) 65 சதவீதம் இருக்கவேண்டும். அதைக் கண்மதிப்பில் பார்க்காமல் ரிஃப்ராக்டோமீட்டர் என்ற சிறு கருவியால் அளந்துகொள்ளுங்கள். ஜாமுக்கான ஜி.எஸ்.டி. 2025 செப்டம்பர் 22 முதல் 12 சதவீதத்திலிருந்து 5 சதவீதமாகக் குறைந்துள்ளது. பூஞ்சை பிடித்த பழத்தை 'கொதிக்கத்தானே போகிறது' என்று சட்டியில் போடவேண்டாம். கோணலும் நசுங்கலும் ஜாமுக்கு ஆகும், பூஞ்சை ஆகாது.

வெளிநாட்டுப் பழத்துக்கே இவ்வளவு பேச்சு. எங்கள் பக்கத்து நாவலுக்கும் களாவுக்கும் சந்தை இல்லையா? (பென்னாகரம்)

இருக்கிறது, நாவலுக்கு மிக நன்றாகவே இருக்கிறது. சர்க்கரை நோயாளிகள் தேடி வாங்குவதால் பெங்களூரில் ஆனி, ஆடி மாதங்களில் நல்ல பழத்துக்குக் கிராக்கி உண்டு. அதியமான் ஔவைக்கு நெல்லிக்கனி கொடுத்த மண்ணில் சிறுகனிகளின் மதிப்பை யாரும் புதிதாகக் கற்பிக்க வேண்டியதில்லை. ஆனால் மரத்தை உலுக்கி, மண்ணில் விழுந்ததைப் பொறுக்கிச் சாக்கில் கொண்டுவந்தால் கூறு கட்டித்தான் விற்கமுடியும். மரத்தடியில் வலையைத் தரைக்கு மேலே தொங்கும்படி நான்கு கம்புகளில் கட்டி, பழத்தை அதில் விழவிடுங்கள். நாவல் கிளை சட்டென முறியும் என்பதால் ஆளை ஏற்றுவதைவிட இதுவே பாதுகாப்பு. மழை பெய்த மறுநாள் வெடித்த பழங்களை அங்கேயே ஒதுக்கிவிட்டு, பெரியதை அரைக் கிலோ டப்பாவிலும் சிறியதைக் கூடையிலும் பிரித்து அனுப்புங்கள். களாக்காயை ஊறுகாய்க்காரர்கள் பச்சையாகவே வாங்குவார்கள். அதற்கு அவசரமும் இல்லை, குளிர்ப்பெட்டியும் வேண்டாம். காப்புக்காட்டுக்குள் பறிப்பதாக இருந்தால் மட்டும் முதலில் வனத்துறையிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.