யார் வாங்கிக் கொடுத்தது?

ஐயா, வணக்கம். எங்கள் ஊர்க் கபடி அணியில் என்னோடு ஆடிய நண்பர் குடியால் இறந்துபோனார். அவரைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிறார்கள். கடைசி நாட்களில் கூட இருந்தவன் என்பதால் என்னைப் பேசச் சொல்கிறார்கள், பணமும் தருவார்களாம். பேசினால் துரோகம் ஆகிவிடுமா? அவர் மனைவி ஒன்றும் சொல்லவில்லை.
- ஒரு வாசகர், கோபிசெட்டிபாளையம்

அன்புள்ள தம்பி,

பணம் வாங்குவது உங்கள் விருப்பம். துரோகம் என்ற பேச்சையும் விடுங்கள்.

கால்பந்து வீரர் டியேகோ மரடோனாவைப் பற்றி ஆசிஃப் கபாடியா எடுத்து 2019இல் வந்த ஆவணப்படத்தைப் போன வாரம்தான் மறுபடி பார்த்தேன். அதில் அவருடைய உடற்பயிற்சியாளர் சிக்னோரினி பேசுவார். டியேகோ என்ற பையனோடு உலகத்தின் கடைசிவரை போவேன், மரடோனா என்ற நட்சத்திரத்தோடு ஓர் அடிகூட வைக்கமாட்டேன் என்று அவரிடமே சொன்னாராம். பக்கத்திலேயே கிடந்தவனுக்குத்தான் அது தெரியும்.

1984இல் மரடோனா இத்தாலியின் நாப்போலி அணிக்கு வந்தபோது மைதானம் நிரம்பி வழிந்தது. 1987இல் அந்த அணிக்கு முதல் இத்தாலியப் பட்டம். கமோரா என்ற அந்த ஊர் மாஃபியா கும்பல்காரர்கள் விருந்துக்குக் கூப்பிட்டார்கள், கோகெயினுக்குக் குறைவில்லை. கோல் விழுந்தவரை ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. 1991 மார்ச்சில் சோதனையில் சிக்கினார், 15 மாதத் தடை. ஊரைவிட்டுப் போகும்போது தனியாகத்தான் போனார்.

நம் ஊரில் மட்டும் என்ன நடக்கிறது? மாரியம்மன் நோம்பிக் கபடியில் எங்கள் பக்கத்துப் பையன் ஒருவன் பாடிப்போனால் கூட்டம் எழுந்து நிற்கும். நாலு பேர் காலைப் பிடித்து அமுக்கினாலும் கையை நீட்டிக் கோட்டைத் தொட்டுவிடுவான். ஆட்டம் முடிந்ததும் பெரிய மனிதர்கள், "ஜெயிச்சுக் குடுத்தவனுக்கு இதுகூட இல்லாட்டி எப்படி" என்று பாட்டிலைக் கையில் திணிப்பார்கள். மீசைகூடச் சரியாக முளைக்காத பையன்! வேலை வாங்கித் தர அவர்களில் ஒருவருக்கும் கை வரவில்லை. பிற்பாடு அவன் பஸ் ஸ்டாண்டில் விழுந்து கிடந்தபோது அதே ஆட்கள்தான், "நல்ல ஆட்டக்காரன், குடிச்சே கெட்டான்" என்றார்கள். அதை இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு வயிறு எரிகிறது.

கடைசி நாட்களில் கூட இருந்தேன் என்று எழுதுகிறீர்களே, ஜெயித்த ராத்திரிகள் எங்கே போயின? யார் வாங்கிக் கொடுத்தது, யார் பக்கத்தில் உட்கார்ந்து குடித்தது? ஒரு வரி இல்லை. உங்களுக்குத் தெரியாமல் இருக்காது. கேமரா முன்னால் உட்கார்ந்து அவர் ரத்த வாந்தி எடுத்ததைச் சொல்லி அழுதால் படம் ஓடும், வாங்கிக் கொடுத்தவர்களும் அதைப் பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள். அதற்காகவா பேசப் போகிறீர்கள்? அவர் ஆடிய ஆட்டத்தைச் சொல்லுங்கள். எந்தப் பிடியிலிருந்து எப்படித் திமிறி வருவார் என்பதைக் கூட ஆடிய உங்களைவிட்டால் யார் சொல்வது? அப்புறம் பாட்டில் எங்கிருந்து வந்தது என்பதையும் சொல்லுங்கள். நீங்களும் வாங்கிக் கொடுத்திருந்தால் அங்கிருந்து தொடங்குங்கள்.

அவர் மனைவி ஒன்றும் சொல்லவில்லை என்கிறீர்கள். போய்க் கேட்டீர்களா? ஆஸ்பத்திரியில் நடந்தது, வீட்டுக்குள் நடந்தது எல்லாம் அந்தப் பெண்ணுடையது. கேமராக்காரர்கள் வருவதற்கு முன்னால் ஒருமுறை அந்த வீட்டுக்குப் போய்விட்டு வாருங்கள்.