ஜிஎஸ்டி உத்தரவு: மேல்முறையீடா, நேரே ஹைகோர்ட்டா? (கேள்வி பதில்)

டிஆர்சி-07 (ஜிஎஸ்டி பாக்கியைக் கட்டச் சொல்லும்) உத்தரவு வந்திருக்கிறது. வரி 8 லட்சம், வட்டி 3 லட்சம், அபராதம் 80 ஆயிரம். அப்பீலுக்கு முன்பணம் கட்ட வேண்டுமாம். நேரே ஹைகோர்ட்டில் ரிட் மனு போட்டால் அது மிச்சம்தானே?

மிச்சமாகாது. ஜிஎஸ்டி சட்டத்தின் 107-வது பிரிவில் மேல்முறையீட்டு வழி இருக்கும்போது, முன்பணம் கட்ட மனமில்லை என்பதை ஹைகோர்ட் காரணமாக ஏற்காது. நீங்கள் பயப்படும் அளவுக்குத் தொகையும் பெரிதில்லை. முழுவதையும் மறுக்கிறீர்கள் என்றால் வரியில் மட்டும் 10 சதவீதம், அதாவது 80 ஆயிரம். வட்டிக்கும் அபராதத்துக்கும் முன்பணம் கிடையாது. 2 லட்சம் வரியை ஒப்புக்கொண்டால் அதையும் அதற்கான வட்டி, அபராதத்தையும் முழுதாகக் கட்டி, மீதி 6 லட்சத்துக்கு 60 ஆயிரம் கட்டுங்கள். கட்டி ஏபிஎல்-01 என்ற அப்பீல் படிவத்தைத் தாக்கல் செய்தால் பாக்கித் தொகை வசூல் தானாகவே நிற்கும். ரிட்டில் அந்தத் தடையைத் தனியாகக் கேட்டு வாங்க வேண்டும்.

பேங்க் கணக்கு முடங்கிய பிறகுதான் உத்தரவு வந்ததே தெரிந்தது. நோட்டீஸ் கைக்கு வரவில்லை.

பெரும்பாலும் அது போர்ட்டலில் ‘கூடுதல் நோட்டீஸ்கள், உத்தரவுகள்’ என்ற தனிப் பக்கத்தில் கிடந்திருக்கும். வழக்கமான நோட்டீஸ் பக்கத்தை மட்டும் பார்க்கிறவர்கள் கண்ணில் படாது. போர்ட்டலில் ஏற்றுவதும் 169-வது பிரிவு சொல்லும் ஒரு சார்வு (நோட்டீஸைச் சேர்ப்பிக்கும்) முறைதான். ஆனாலும் உங்கள் தரப்பைக் கேட்காமலே வந்த உத்தரவு என்பதால் ரிட்டுக்கு இடமுண்டு. 75(4) பிரிவுப்படி, பாதகமான உத்தரவு போடுவதாக இருந்தால் நேரில் பேச வாய்ப்பு தந்தே ஆக வேண்டும். இத்தகைய வழக்குகள் பலவற்றில் சென்னை உயர் நீதிமன்றம், வரியில் 10 அல்லது 25 சதவீதம் கட்டச் சொல்லி, உத்தரவை ரத்து செய்து மறுவிசாரணைக்கு அனுப்பியிருக்கிறது. ஆக, ரிட்டிலும் பணம் கட்ட வேண்டி வரலாம்.

வேறு எதற்கெல்லாம் ரிட் போடலாம்?

1998-ல் வேர்ல்பூல் வழக்கில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு சொன்னவைதான்: அடிப்படை உரிமை மீறல், இயற்கை நீதி மீறல், அதிகார வரம்பே இல்லாத உத்தரவு, சட்டப் பிரிவே செல்லாது என்ற வாதம். சப்ளையர் பில் உண்மையா, சரக்கு வந்ததா என்பதெல்லாம் ஆவணங்களைப் புரட்டிப் பார்க்க வேண்டிய விஷயம், அதற்கு அப்பீல்தான்.

அப்பீல் காலம் முடிந்துவிட்டது. இனி ரிட்?

இங்கேதான் பலர் மாட்டிக்கொள்கிறார்கள். உத்தரவு கிடைத்த நாளிலிருந்து 3 மாதம். தக்க காரணம் காட்டினால் இன்னும் 1 மாதம். ஜூன் 10 கிடைத்திருந்தால் செப்டம்பர் 10, கடைசியாக அக்டோபர் 10. அதற்கு மேல் மன்னிக்க அப்பீல் அதிகாரிக்கு அதிகாரமில்லை. ஆந்திர வாட் சட்டத்தின் கீழ் வந்த கிளாக்ஸோ வழக்கில் (2020), அந்தக் கெடுவையும் தவறவிட்டு ரிட்டில் வருவதை ஏற்கக் கூடாது என்றது உச்ச நீதிமன்றம். அதனால் ரிட் போடுவதானாலும் முதல் மாதத்திலேயே போடுங்கள். ‘அப்பீலுக்குப் போ’ என்று அனுப்பினால், ரிட் நிலுவையில் இருந்த நாட்களைக் கணக்கில் சேர்க்க வேண்டாம் என்று அந்த உத்தரவிலேயே எழுதிக் கேட்டு வாங்குங்கள்.

161-வது பிரிவில், உத்தரவிலுள்ள பிழையைத் திருத்தக் கேட்டு மனு போட்டிருக்கிறேன், பதில் வரவில்லை.

அதை நம்பி அப்பீல் கெடுவை விடாதீர்கள். கூட்டல் பிழை, ஒரே இன்வாய்ஸ் இருமுறை ஏறியது போன்ற கண்ணுக்குத் தெரியும் பிழைகளுக்குத்தான் அது. இரண்டையும் சேர்த்தே நடத்துங்கள்.