பிக் பெண்ட் பாலைவனத்தில் ரோட்டோரக் கூடாரம்: உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

டெக்சஸின் தென்மேற்கு ஓரத்தில், ரியோ கிராண்டே ஆறு பெரிதாக வளைந்து திரும்பும் இடத்தில் இருக்கிறது பிக் பெண்ட் தேசியப் பூங்கா. ஆற்றுக்கு அந்தப் பக்கம் மெக்சிகோ. 1944இல் தொடங்கிய பூங்கா, பரப்பு சுமார் 3,240 சதுர கிலோமீட்டர். சிவாவா பாலைவனமும் அதன் நடுவில் சிசோஸ் மலையும் சேர்ந்தது. குழாய்த் தண்ணீர், கழிப்பறை உள்ள முகாம்கள் தனி. அவற்றைத் தவிர மண் ரோடுகளின் ஓரமாக ஒற்றை ஒற்றையாக முகாம் இடங்கள் சிதறிக் கிடக்கின்றன. அங்கே ஒரு பெயர்ப் பலகை இருக்கும், வண்டி நிறுத்திக் கூடாரம் அடிக்க ஒரு சரளைத் திட்டு இருக்கும். சில இடங்களில் கரடி திறக்க முடியாத இரும்புப் பெட்டியும் உண்டு. அவ்வளவுதான். பக்கத்து முகாம் பெரும்பாலும் கண்ணுக்கே தெரியாது. அந்த இடங்களைப் பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே பதில் சொல்கிறேன்.

டல்லாஸிலிருந்து: அக்கா, எங்களிடம் சாதாரண செடான் கார்தான். ரிவர் ரோட்டில் ஆற்றைப் பார்த்த மாதிரி ஒரு இடம் படத்தில் பார்த்தோம். அங்கேயே தங்க ஆசை. முடியுமா?

முடியாது. ஆனால் அதற்காகப் பயணத்தையே விட்டுவிட வேண்டாம்.

பலரும் படத்தைப் பார்த்து இடத்தைப் பிடித்துவிட்டு, ரோட்டைப் பற்றி அப்புறம் யோசிக்கிறார்கள். நான் ரோட்டிலிருந்துதான் தொடங்குவேன். என் வண்டி அதில் போகுமா, ராத்திரி மழை பிடித்தால் காலையில் திரும்ப முடியுமா என்று பார்த்த பிறகுதான் இடத்தின் அழகைப் பார்ப்பேன்.

ரிவர் ரோடு ஆற்றை ஒட்டிப் போகும் மண் ரோடு, 51 மைல். வரைபடத்தில் ஒரு மணி நேர ஓட்டம் போலத் தெரியும். உண்மையில் முழுதாகக் கடக்க ஒரு பகல் போய்விடும். ஓடை குறுக்கிடும் இடத்திலெல்லாம் ரோடு சட்டென்று சரிந்து, உடனே எழும். தாழ்வான கார் அங்கே மூக்கை மண்ணில் குத்திக்கொண்டு நிற்கும். சில பகுதிகளில் களிமண். மழை பெய்தால் ஃபோர் வீல் டிரைவ் வண்டியே வழுக்கும். பிளாக் கேப் ரோடு இன்னும் மோசம், அதைப் பூங்கா பராமரிப்பதே இல்லை. ஓல்ட் ஓர் ரோடு 26 மைல். சென்ற நூற்றாண்டின் தொடக்கத்தில் சுரங்கத் தாதுவை மாரத்தான் ஊர் ரயிலுக்குக் கொண்டுபோன பாதை அது. இன்றும் கல்லும் பாறையும்தான்.

ஹானல்ட் டிரா, நைன் பாயிண்ட் டிரா, குரோட்டன் ஸ்பிரிங்ஸ் மாதிரி தார் ரோட்டுக்குப் பக்கத்திலேயே இருக்கும் இடங்களுக்கு, மழையில்லாத நாளில் சாதாரணக் கார் போய்விடும். தார் ரோடு பக்கத்தில் என்றதும் முகம் சுளிக்காதீர்கள். இருட்டிய பிறகு அந்த ரோட்டில் வண்டிகள் எப்போதாவதுதான் போகும். முதல் தடவை போகிறவர்களுக்கு நான் சொல்வது இவற்றைத்தான். போகும் நாளன்று பாந்தர் ஜங்ஷனில் இருக்கும் பூங்காவின் தலைமை அலுவலகத்தில் ரேஞ்சரிடம் ரோடு நிலவரம் கேட்காமல் மண் ரோட்டில் இறங்காதீர்கள். போன வாரம் நன்றாக இருந்த ரோடு இந்த வாரம் அரித்துப்போயிருக்கலாம்.

ஹூஸ்டனிலிருந்து: பெரிய எஸ்யூவி வாடகைக்கு எடுத்துக்கொண்டால் பிரச்சினை தீர்ந்ததா?

பாதிதான் தீர்ந்தது. முதலில் வாடகை ஒப்பந்தத்தைப் படியுங்கள். தார் போடாத ரோட்டில் ஓட்டக் கூடாது என்று பெரும்பாலான ஒப்பந்தங்களில் இருக்கும். அங்கே மாட்டிக்கொண்டால் காப்பீடும் கை கொடுக்காது, இழுவை வண்டிக் கூலியும் உங்கள் தலையில் விழும்.

அடுத்தது டயர். இங்கே லெச்சுகியா என்று ஒரு செடி, கற்றாழை வகை. முழங்கால் உயரம்கூட வராது, ஆனால் ஒவ்வொரு இலை நுனியிலும் ஆணி மாதிரி முள். எதிரே வரும் வண்டிக்கு வழி விட ஓரம் ஒதுங்கினால், டயரின் பக்கவாட்டில் குத்தும். டயரின் நடுவில் ஓட்டை விழுந்தால் பிளக் வைத்து அடைத்துவிடலாம், பக்கவாட்டில் விழுந்தால் டயரையே மாற்ற வேண்டும். அதனால் சரியான அளவு ஸ்பேர் டயர் வேண்டும். டோனட் என்கிற அந்தச் சின்ன டயரை இந்தக் கல் ரோட்டில் நம்ப முடியாது. ஜாக்கிக்கு அடியில் வைக்க ஒரு பலகைத் துண்டு, காற்றடிக்கும் கம்ப்ரஸர், மண்வெட்டி, இவையும் வண்டியில் இருக்கட்டும். வீட்டு வாசலிலேயே ஒரு தடவை டயரைக் கழற்றி மாட்டிப் பாருங்கள். வாடகை வண்டி என்றால் எடுத்த இடத்திலேயே வீல் நட்டுக்குப் பொருந்தும் ஸ்பேனர் இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.

ஆஸ்டினிலிருந்து: பர்மிட் எப்படி வாங்குவது? செலவு எவ்வளவு?

பூங்கா நுழைவுக் கட்டணம் ஒரு வண்டிக்கு 30 டாலர், ஏழு நாள் செல்லும். ரோட்டோர இடத்துக்கு இரவுக்கு 10 டாலர். சில இடங்களை ரெக்ரியேஷன் டாட் கவ் தளத்தில் முன்கூட்டியே பிடிக்கலாம். தை, மாசி குளிரிலும் மார்ச் மாதப் பள்ளி விடுமுறையிலும் கூட்டம் அதிகம், சீக்கிரம் போய்விடும். பர்மிட்டில் எழுதியிருக்கிற இடத்தில் மட்டும்தான் தங்கலாம். பிடித்த இடத்தில் வண்டியை ஓரங்கட்டிப் படுப்பதற்கு இங்கே அனுமதி இல்லை.

சான் அன்டோனியோவிலிருந்து: மூன்று பேர், இரண்டு இரவு. தண்ணீர் எவ்வளவு எடுக்க? வழியில் ஊற்று இருந்தால் பிடித்துக்கொள்ளலாமா?

ஊற்றை நம்பவே நம்பாதீர்கள். வரைபடத்தில் ஸ்பிரிங் என்று போட்டிருக்கும். போய்ப் பார்த்தால் ஈர மண்கூட இருக்காது. தண்ணீர் இருந்தாலும் அதை நம்பித்தான் அங்குள்ள பிராணிகள் உயிர் வாழ்கின்றன.

குடிக்க மட்டும் ஆளுக்கு நாளொன்றுக்கு 4 லிட்டர். மூன்று பேர், மூன்று பகல் என்றால் 36 லிட்டர். சமையல், கை கழுவ, பாத்திரம், வண்டி நின்றுபோனால் கூடுதலாக ஒரு நாள், எல்லாம் சேர்த்து 55, 60 லிட்டர் ஏற்றுங்கள். ஒரே பெரிய கேனில் வேண்டாம். ஐந்தாறு கேன்களாகப் பிரித்து வையுங்கள். ரோட்டின் குலுக்கலில் ஒன்றின் மூடி கசிந்தாலும் மீதி இருக்கும்.

பெட்ரோலுக்கும் இதே கணக்கு. பாந்தர் ஜங்ஷனில் நிரப்பிக்கொண்டு மண் ரோட்டில் இறங்குங்கள். மாரத்தான் ஊரிலிருந்து பாந்தர் ஜங்ஷன் வரவே 70 மைல். நடுவில் கடை கிடையாது.

பெயர் வேண்டாம் என்று எழுதிய ஒருவர்: கேட்கக் கூச்சமாக இருக்கிறது. கழிப்பறைக்கு என்ன செய்வீர்கள்?

கூச்சமே வேண்டாம். இதைக் கேட்காமல் போகிறவர்களால்தான் சில முகாம் இடங்களின் புதருக்குப் பின்னால் கால் வைக்க முடிவதில்லை. நம் ஊர் மண்ணில் எதுவும் சீக்கிரம் மக்கிவிடும். இந்த வறண்ட மண்ணில் ஈரமும் இல்லை, நுண்ணுயிரும் குறைவு. காகிதம் அப்படியே காய்ந்து கிடக்கும், காற்றடித்தால் முள்செடியில் மாட்டிக்கொண்டு ஆடும்.

வண்டியில் போவதால் நான் எடுத்துப்போகச் சொல்வது மூடி போட்ட ஒரு பக்கெட்டும், உள்ளே ஈரத்தை உறிஞ்சிக் கெட்டியாக்கும் ஜெல் பொடி உள்ள பைகளும். பையைக் கட்டி, பக்கெட்டை இறுக மூடி, ஊர் திரும்பும்போது குப்பையில் போட்டுவிடலாம். கழுவித்தான் பழக்கம் என்றால் ஒரு சொம்பும் சேர்த்து வையுங்கள், தண்ணீர்க் கணக்கில் அதையும் கூட்டிக்கொள்ளுங்கள். பக்கெட் இல்லாத சமயத்தில், முகாமிலிருந்தும் ஓடையிலிருந்தும் நன்றாகத் தள்ளிப்போய் ஒரு சாண் ஆழம் தோண்டி மூடுங்கள். காகிதத்தை மட்டும் ஜிப் பையில் திரும்பக் கொண்டுவாருங்கள். குழந்தைகளின் டயப்பரும் அப்படித்தான்.

நியூ ஜெர்சியிலிருந்து: குழந்தைகளுக்குக் கோடை விடுமுறையில்தான் நேரம். ஜூனில் வரலாமா?

தயவுசெய்து வேண்டாம். இந்த இடங்களில் நிழலே கிடையாது. உயரமான செடி என்றால் ஒகோட்டியோ, அதுவும் வெறும் முள் குச்சிகள்தான். ஆற்றங்கரைப் பக்கம் 40 டிகிரி செல்சியஸைத் தாண்டுவது சர்வ சாதாரணம். 2023 ஜூனில் மருஃபோ வேகா பாதையில், சுமார் 48 டிகிரி வெயிலில், ஒரு 14 வயதுப் பையன் இறந்துபோனான். உதவி தேடிக் காருக்கு ஓடிய அவனுடைய வளர்ப்புத் தந்தையும் கார் விபத்தில் இறந்தார். நம் ஊர் வெயிலைப் பார்த்தவர்கள்தானே என்று நினைக்க வேண்டாம். இங்கே வியர்வை உடனே காய்ந்துவிடுவதால் உடம்பு எவ்வளவு தண்ணீர் இழக்கிறது என்பதே தெரியாது.

நவம்பர் முதல் மார்ச் வரை வாருங்கள். குளிர் ராத்திரிகளில் தண்ணீர் உறையும் அளவுக்கு இறங்கலாம், அதற்குத் தகுந்த தூங்கும் பை வேண்டும். ஜூலை முதல் செப்டம்பர் வரை மழைக்காலம். எங்கோ மலையில் பெய்த மழை, மேகமே இல்லாத உங்கள் ஓடையில் வெள்ளமாக வரும். ஓடைப் படுகையில் எந்த மாதமும் கூடாரம் போடாதீர்கள், வண்டியும் நிறுத்தாதீர்கள்.

டல்லாஸ் வாசகியின் தொடர் கேள்வி: சமையல், கேம்ப் ஃபயர்?

கேஸ் அடுப்பு வைத்துக்கொள்ளலாம். விறகு மூட்டவோ தரையில் தீ போடவோ கூடாது, ஜெனரேட்டரும் கூடாது. எங்கள் வழக்கம், முதல் நாளுக்குப் புளியோதரை, அடுத்த நாள் காலை ரவை உப்புமா. பாத்திரம் கழுவும் தண்ணீர் மிச்சம். சாப்பிட்டதும் உணவு, குப்பை, பற்பசை வரைக்கும் இரும்புப் பெட்டிக்குள்ளோ பூட்டிய வண்டிக்குள்ளோ போய்விட வேண்டும். ஒரு காலத்தில் இங்கே அற்றுப்போன கருங்கரடி 1980களில் மெக்சிகோ மலைகளிலிருந்து தானாகவே திரும்பி வந்தது. மனிதச் சாப்பாட்டுக்குப் பழகிய கரடிக்கு நல்ல முடிவு கிடையாது. அதன் உயிர் நம் ஒழுங்கில் இருக்கிறது. பன்றி மாதிரி இருக்கும் ஜவலினாக் கூட்டம் கூடாரத்தில் தின்பண்ட வாசனை வந்தால் துணியைக் கிழித்துவிடும்.

ஹூஸ்டனிலிருந்து: பாம்பு?

உண்டு, சாரைப் பாம்பு மாதிரி சாதுவானவையும் உண்டு, விஷமுள்ள ராட்டில்ஸ்னேக்கும் உண்டு. ராத்திரி டார்ச் இல்லாமல் ஓரடிகூட வைக்காதீர்கள். காலையில் ஷூவை உதறிப் போடுங்கள், தேள் இருக்கலாம். கல்லைக் கையால் புரட்டாதீர்கள். இவ்வளவு போதும்.

இர்விங்கிலிருந்து: நான் ஹெச்1பி வேலை விசாவில் இருக்கிறேன். எல்லைப் பக்கம் என்பதால் பயமாக இருக்கிறது. என்ன காகிதம் வேண்டும்?

பூங்காவிலிருந்து வடக்கே வரும் 118, 385 இரண்டு ரோடுகளிலும் எல்லைக் காவல் சோதனைச் சாவடி உண்டு. கார் நிற்கும், குடியுரிமை கேட்பார்கள். குடும்பத்தில் எல்லோருடைய பாஸ்போர்ட், ஐ-94 தாள் (அமெரிக்காவுக்குள் நுழைந்ததற்கான பதிவு), விசாவுக்கான அனுமதிக் கடிதம், அசலாகவே கையில் இருக்கட்டும். போனில் இருக்கும் நகலை நம்பாதீர்கள், அங்கே பெரும்பாலும் சிக்னல் கிடையாது. ஒழுங்காக இருந்தால் சில நிமிடங்களில் விட்டுவிடுவார்கள்.

படகில் ஆற்றைக் கடந்து மெக்சிகோவில் இருக்கும் போக்கியாஸ் கிராமத்துக்குப் போவதும் வெளிநாட்டுப் பயணம்தான். விசா ஸ்டாம்ப் காலாவதியானவர்கள் வக்கீலைக் கேட்காமல் படகில் ஏற வேண்டாம். ஆற்றங்கரைப் பாதைகளில் மணி கோத்துச் செய்த தேள் பொம்மை, கைத்தடி எல்லாம் அந்தக் கிராமத்துக்காரர்கள் ஆளில்லாமல் விலை எழுதி வைத்திருப்பார்கள். அதை வாங்குவது சட்டப்படி குற்றம். கிராமத்துக்கே முறையாகப் போய் வாங்குங்கள், அந்தக் குடும்பங்களுக்கும் நல்லது.

ஆஸ்டினிலிருந்து: நட்சத்திரம் பார்ப்பதற்காகத்தான் வருகிறோம். எந்த இடம்?

இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன். 2012லேயே சர்வதேச இருள்வானப் பூங்கா என்ற அங்கீகாரம் பெற்ற இடம் இது. 2022இல் மெக்சிகோப் பக்கத்தையும் சேர்த்துப் பெரிய இருள்வானக் காப்பகமாக அறிவித்தார்கள். அமாவாசையை ஒட்டித் தேதி போடுங்கள். காலண்டரில் அதைப் பார்த்துவிட்டு அப்புறம் லீவு கேளுங்கள்.

தெற்குப் பக்கம் மலை மறைக்காத முகாமாகத் தேடுங்கள். பிப்ரவரி மாத முன்னிரவில், அடிவானத்துக்குச் சற்று மேலே, தெற்கே ஒரே ஒரு பிரகாசமான நட்சத்திரம் மினுங்கும். அது அகத்தியர், ஆங்கிலத்தில் கனோபஸ். சென்னையில் 24 டிகிரி உயரம் வரை ஏறும் நட்சத்திரம் இங்கே 8 டிகிரிதான் ஏறும். டல்லாஸில் அதற்கும் பாதி உயரம்தான், நகர வெளிச்சத்தில் கண்ணுக்குச் சிக்காது. கண் இருட்டுக்குப் பழக அரை மணி நேரமாகும், அதுவரை போன் திரையைத் தொடாதீர்கள். சிவப்பு விளக்கு மட்டும் போதும். ஒரு வெள்ளை டார்ச்சை யாராவது போட்டால் எல்லோருக்கும் மறுபடி அரை மணி நேரம்.

சான் அன்டோனியோவிலிருந்து ஒரு தங்கை: தனியாக வர ஆசை. வண்டி நின்றுவிட்டால்?

தாராளமாக வாருங்கள், முதல் தடவை மட்டும் தார் ரோட்டுக்குப் பக்கத்து இடமாக இருக்கட்டும். எந்த இடம், எந்த ரோடு, எப்போது திரும்புவீர்கள், எத்தனை மணிக்குள் போன் வராவிட்டால் பூங்காவுக்குச் சொல்ல வேண்டும், இதெல்லாம் வீட்டில் ஒருவரிடம் எழுத்தில் கொடுத்துவிட்டு வாருங்கள். செயற்கைக்கோள் வழியாகச் செய்தி அனுப்பும் கருவி இருந்தால் நல்லது. புது போன்கள் சிலவற்றிலும் அந்த வசதி இருக்கிறது, கிளம்பும் முன்பே பழகிக்கொள்ளுங்கள்.

வண்டி நின்றுவிட்டால் வண்டியை விட்டு நடக்காதீர்கள். தண்ணீரும் நிழலும் அங்கேதான் இருக்கின்றன, தேடி வருபவர்கள் கண்ணில் முதலில் படுவதும் அதுதான். பானெட்டைத் திறந்து வையுங்கள். பகல் வெயிலில் வண்டியின் நிழலில் உட்காருங்கள், உள்ளே வேண்டாம். தண்ணீரை மிச்சம் பிடிக்கிறேன் என்று தாகத்தோடு இருக்காதீர்கள்.

கடைசியாக ஹூஸ்டனிலிருந்து: நாயைக் கூட்டி வரலாமா?

முகாம் இடத்துக்கும் மண் ரோட்டுக்கும் வரலாம், கயிற்றோடு. நடைபாதைகளுக்கு அனுமதி இல்லை, வண்டிக்குள் பூட்டிவிட்டுப் போகவும் முடியாது. ஆக, நீங்கள் மலை ஏறும் திட்டத்தோடு வந்தால் யாராவது ஒருவர் அதோடு முகாமில் இருக்க வேண்டியிருக்கும். அதன் தண்ணீரையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.