ரத்தம் தெறிக்கும் படங்களைப் பார்த்துப் பார்த்து மனம் மரத்துப்போகுமா?

போகும், ஓரளவுக்கு. பினாங்கில் ஒரு வெட்டுக்குத்துப் படத்துக்குப் போய்ப் பாருங்கள். திரையில் தலை உருளும்; பக்கத்து இருக்கைப் பையன் பாப்கார்ன் மெல்லுவதைக்கூட நிறுத்த மாட்டான். முன்பு பதறவைத்த காட்சி பழகியபின் ஒன்றும் செய்யாமல் போவதுதான் மரத்துப்போதல்.

ரத்தத்தைக் கண்டதும் மூளை ஆபத்து என்று உடம்பை எழுப்பிவிடும். நெஞ்சு படபடக்கும், உள்ளங்கை வியர்க்கும். ஆனால் நமக்கு எதுவும் ஆவதில்லை. பத்துப் படம் இப்படிப் போனால், ‘சும்மா மிரட்டுகிறார்கள்’ என்று மூளையும் அடங்கிவிடும். பினாங்குத் தீவின் பாலிக் புலா ஊரில் டுரியான் பழம் வாங்கிக் காரில் போட்ட கதைதான். ஏறியதும் மூக்கைத் துளைக்கும். வழியில் ஆயர் ஈத்தாம் வருவதற்குள் வாசனையே தெரியாது. வீட்டில் கதவைத் திறக்கும் அம்மாவுக்குத்தான் தெரியும்!

சின்னப் பிள்ளைகள் வேறு. கதையையும் நிஜத்தையும் பிரிக்கத் தெரியாத வயதில் பயம்தான் தங்கும், தூக்கம் கெடும். தணிக்கை வாரியம் 18 என்று போட்ட படத்துக்குத் தியேட்டரில் விட மாட்டார்கள், சரி. வீட்டில் கைப்பேசியை யார் பிடுங்குவது?

அப்புறம், மரத்துப்போனவன் கத்தி எடுப்பான் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை, பாப்கார்ன் மென்ற அதே பையன் சாலையில் ஒரு மோட்டார் விபத்தைப் பார்த்தால் கைகால் நடுங்கி நிற்கலாம்.